மருந்துப் பெயரின் வால்

தாம்பரம் சானடோரியத்தில் உள்ள அரசு நெஞ்சக நோய் மருத்துவமனையை அந்தப் பக்கத்து மக்கள் இன்னமும் ‘டிபி ஆஸ்பத்திரி’ என்றுதான் சொல்கிறார்கள். காசநோய்க்கு மட்டுமல்ல, ஆஸ்துமாவுக்கும் நாள்பட்ட இருமலுக்கும் அங்கே கூட்டம் வருகிறது. சென்னையில் நெஞ்சக மருத்துவர் யாரைக் கேட்டாலும் ஒரு உரையாடலைச் சொல்வார். வீசிங் என்று வந்தவருக்கு இன்ஹேலர் எழுதிக் கொடுத்தால், “இதுல ஸ்டீராய்டு இருக்கா டாக்டர்?” என்பார். இருக்கிறது என்றால், “அப்ப வேணாம், மாத்திரையே குடுங்க” என்பார். அதே மனிதர் வீட்டுக்குப் போகும் வழியில், சேலையூரிலோ குரோம்பேட்டையிலோ மெடிக்கலில் நின்று, “இடுப்புல படை மாதிரி இருக்கு, நல்ல ஆயின்மென்ட் ஒண்ணு குடுங்கண்ணே” என்று கேட்டு ஒரு ட்யூப் வாங்கிப் போவார். அந்த ட்யூபில் இருப்பதும் ஸ்டீராய்டாக இருக்கலாம், அதுவும் வீரியம் மிகுந்த வகையாக. அதைப் பற்றி அவர் கேட்கவே இல்லை. அட்டையில் ‘ஸ்டீராய்டு’ என்ற சொல் பெரும்பாலும் இருக்காது. ஆனால் விஷயம் தெரிந்தவருக்கு மருந்தின் பெயரே அதைச் சொல்லிவிடும்.

அந்த இன்ஹேலரில் இருக்கும் மருந்தின் பெயர் புடெசோனைடு. வாயில் நுழையாத பெயர்தான். ஆனால் பிரித்துப் பார்த்தால் ஒவ்வொரு துண்டிலும் ஒரு வேதியியல் செய்தி இருக்கிறது. ட்ரையாம்சினோலோன் அசெட்டோனைடு என்று ஒரு பழைய ஸ்டீராய்டு உண்டு. அதில் ஒரு ஃப்ளூரின் அணு இருக்கும். அந்த ஃப்ளூரினை நீக்கினால் கிடைப்பது டெசோனைடு. ‘டெஸ்’ என்றால் வேதியியலில் ‘அது இல்லாதது’ என்று பொருள். ‘ஓனைடு’ என்ற வால் அசெட்டோனைடிலிருந்து வந்தது. மூலக்கூறின் ஓரத்தில் இரண்டு ஆக்சிஜன் அணுக்களை இணைத்து ஒரு சிறு வளையம் போட்டிருப்பதை அது குறிக்கிறது. டெசோனைடில் அந்த வளையம் அசிட்டோனால் ஆனது. அசிட்டோனுக்குப் பதிலாக நான்கு கார்பன் கொண்ட பியூட்டைரால்டிஹைடைப் பயன்படுத்தினால் புடெசோனைடு. நான்கு கார்பன் தொடருக்கு ‘பியூட்’ என்று பெயர் வந்த கதையும் சுவையானது. வெண்ணெயில் கண்டுபிடிக்கப்பட்ட அமிலத்துக்கு வெண்ணெயின் லத்தீன் பெயரையே வைத்தார்கள். அதிலிருந்து கிளைத்ததுதான் ‘பியூட்’. ஆஸ்துமா மருந்தின் முதல் எழுத்தில் வெண்ணெய் ஒட்டியிருப்பது இப்படித்தான்.

இப்படிப் பெயர் வைப்பதற்கு ஒரு முறை இருக்கிறது. உலக சுகாதார நிறுவனம் 1953 முதல் மருந்துகளுக்குப் பொதுப்பெயர்ப் பட்டியல் வெளியிட்டு வருகிறது. கம்பெனி வைக்கும் வணிகப்பெயர் ஊருக்கு ஊர், கம்பெனிக்குக் கம்பெனி மாறும். பொதுப்பெயர் மாறாது. ஒரே குடும்பத்து மருந்துகளுக்குப் பெயரில் ஒரு பொது ஒலி, பெரும்பாலும் வாலில், இருக்க வேண்டும் என்பது அந்த முறையின் அடிப்படை. செம்பாக்கம், மாடம்பாக்கம், சிட்லபாக்கம், மேடவாக்கம் என்று கேட்டதுமே அது ஒரு பழைய குடியிருப்பு என்று நமக்குத் தெரிவதைப் போலத்தான். புடெசோனைடு, டெசோனைடு, சிக்ளெசோனைடு என்று ‘ஓனைடு’ வந்தால், அது தோலிலோ மூக்கிலோ நுரையீரலிலோ பட்ட இடத்திலேயே வேலை செய்யும் ஸ்டீராய்டு. ‘மெதசோன்’ அல்லது ‘மெடசோன்’ என்று முடிந்தால் பீட்டாமெதசோன், டெக்சாமெதசோன், மொமெடசோன் குடும்பம். ‘பெடசோல்’ என்றால் குளோபெடசோல், ஹாலோபெடசோல். இன்ஹேலரில் புடெசோனைடுடன் சேர்ந்து வரும் ஃபார்மோடெராலின் ‘டெரால்’ வேறு குடும்பம். அது மூச்சுக்குழலை விரிக்கும் மருந்து, ஸ்டீராய்டு அல்ல.

வால் மட்டும் பார்த்து ஏமாறவும் வாய்ப்புண்டு. தொழுநோய்க்குக் கொடுக்கும் டாப்சோன் ‘சோன்’ என்று முடிந்தாலும் ஸ்டீராய்டு அல்ல. ‘ஸ்டீராய்டு’ என்ற சொல்லும் நாம் நினைப்பதைவிட அகலமானது. அது குணத்தைக் குறிக்கும் சொல் அல்ல, வடிவத்தைக் குறிக்கும் சொல். மூன்று அறுகோண வளையங்களும் ஒரு ஐங்கோண வளையமும் ஒட்டிய சட்டகம் எதில் இருந்தாலும் அது ஸ்டீராய்டுதான். நம் ரத்தத்தில் ஓடும் கொலஸ்டிராலுக்கும், ஆண்களின் டெஸ்டோஸ்டிரோனுக்கும், மாதவிலக்கைத் தள்ளிப்போடப் பெண்கள் விழுங்கும் நோரெதிஸ்டிரோனுக்கும், ஆபரேஷனின்போது தசையைத் தளர்த்த மயக்க மருத்துவர் போடும் ரோகுரோனியத்துக்கும் அதே எலும்புக்கூடு. ஜிம்மில் உடம்பு ஏற்ற ஊசி போட்டுக்கொள்பவர்கள் தேடும் நான்ட்ரோலோன் ஒரு கிளை, ஆஸ்துமாவுக்குக் கொடுப்பது வேறு கிளை. பின்னதுக்குக் கார்ட்டிகோஸ்டீராய்டு என்று பெயர். இந்தக் கட்டுரையில் பயமும் அலட்சியமும் சேர்ந்து வருவது இந்தக் கிளையைப் பற்றித்தான்.

அந்தப் பயம் காரணமில்லாமல் வந்ததல்ல. தாம்பரம் சானடோரியத்தை 1928-இல் தொடங்கியவர் டாக்டர் டேவிட் சௌரிமுத்து. இங்கிலாந்தின் மெண்டிப் மலையில் சானடோரியம் நடத்தியவர். ஸ்டீராய்டு மருந்து வராத அந்தக் காலத்தில் காசநோய்க்கு நல்ல காற்றும் ஓய்வும் உணவும்தான் மருந்து. கார்ட்டிசோன் என்ற கார்ட்டிகோஸ்டீராய்டு முதன்முதலில் மூட்டுவாத நோயாளிக்குச் செலுத்தப்பட்டது 1948-இல், அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில். மூட்டுவாதத்தால் முடங்கிக் கிடந்தவர்கள் எழுந்து நடந்தார்கள். 1950-இலேயே கெண்டல், ரைக்ஸ்டைன், ஹென்ச் மூவருக்கும் நோபல் பரிசு. ஆனால் நோய் எதிர்ப்பை அடக்கித்தான் இந்த மருந்து வேலை செய்கிறது என்பதால், உள்ளே உறங்கிக்கொண்டிருக்கும் காசநோயைத் தட்டி எழுப்பும் ஆற்றலும் அதற்கு உண்டு. முகம் உப்புவது, சர்க்கரை ஏறுவது, எலும்பு தேய்வது எல்லாம் நீண்டநாள் மாத்திரையின் விலை. அதே மருந்து இடம் பார்த்துக் கொடுத்தால் உயிர் காக்கும். காசநோய் மூளையுறையைத் தாக்கும்போது காசநோய் மருந்துகளோடு டெக்சாமெதசோன் சேர்க்கிறார்கள். 2020 ஜூனில் இங்கிலாந்தின் ‘ரெகவரி’ ஆய்வு, வென்டிலேட்டரில் இருந்த கொரோனா நோயாளிகளின் மரணத்தை டெக்சாமெதசோன் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு குறைத்ததாகக் காட்டியது. அடுத்த ஆண்டு, சர்க்கரை நோயோடு சேர்ந்து, தேவைக்கு மேல் கொடுத்த ஸ்டீராய்டு கருப்புப் பூஞ்சைக்கு வழிவிட்டதையும் பார்த்தோம்.

புடெசோனைடை உருவாக்கிய சுவீடன் வேதியியலாளர்களின் குறி இந்தச் சிக்கல்தான். பட்ட இடத்தில் வேலை செய்ய வேண்டும், மற்ற இடத்துக்குப் போவதற்குள் அழிய வேண்டும். 1973-இல் காப்புரிமை பெற்று, 1981-இல் ஆஸ்துமா மருந்தாக விற்பனைக்கு வந்தது. கேப்ஸ்யூலை ரோட்டாஹேலரில் செருகித் திருகி, வாயை வைத்து ஆழமாக இழுக்கும்போது உள்ளே போவது 200 மைக்ரோகிராம் என்று வைத்துக்கொள்வோம். ஆஸ்துமா முற்றிய நேரத்தில் பெரியவர்களுக்கு வழக்கமாகக் கொடுக்கும் பிரெட்னிசோலோன் மாத்திரை ஒரு நாளைக்கு 40 மில்லிகிராம். எடையில் 200 மடங்கு. எடைக்கு எடை புடெசோனைடின் வீரியம் அதிகம் என்பதைக் கழித்துப் பார்த்தாலும் உடம்பு முழுக்கப் பரவும் அளவில் பெரிய வித்தியாசம் உண்டு. நுரையீரல் திசுவுக்குள் போன புடெசோனைடின் ஒரு பகுதி அங்குள்ள கொழுப்பு அமிலத்தோடு ஒட்டிக்கொண்டு, பிறகு கொஞ்சம் கொஞ்சமாக விடுபடுகிறது. தொண்டையில் படிந்து வயிற்றுக்குள் போன பகுதியில் ஏறத்தாழ பத்தில் ஒன்பது பங்கைக் கல்லீரல் முதல் சுற்றிலேயே சிதைத்துவிடுகிறது. வாயிலேயே தங்குவதுதான் தொல்லை. வெள்ளை வெள்ளையாகப் பூஞ்சை படியும். இழுத்து முடித்ததும் வாய் கொப்பளித்துத் துப்பச் சொல்வது அதற்காகத்தான். ‘இன்ஹேலர் வேண்டாம், மாத்திரை குடுங்க’ என்பவர் சிறிய ஸ்டீராய்டை மறுத்து, பல நேரம் பெரிய ஸ்டீராய்டைக் கேட்கிறார்.

ஆயின்மென்ட் கதை நேர் எதிர். நம் ஊரின் வேர்வையும், நெரிசல் ரயிலும், இறுக்கமான ஜீன்ஸும் படர்தாமரைக்குத் தோதானவை. கடையில் கிடைக்கும் கலவைக் களிம்பில் பூஞ்சைக்கு ஒன்று, பாக்டீரியாவுக்கு ஒன்று, இவற்றோடு குளோபெடசோல். குளோபெடசோல் தோல் ஸ்டீராய்டுகளில் மிக வீரியமான வகுப்பு. தடவிய இரண்டு நாளில் அரிப்பும் சிவப்பும் அடங்கும். ‘கை கண்ட மருந்து’ என்று பெயர் வாங்கிவிடும். உண்மையில் அடங்கியது தோலின் எதிர்ப்புதான். பூஞ்சை நிம்மதியாகப் பரவும். நிறுத்தினால் இருமடங்காகத் திரும்பும். வட்ட வடிவம் கலைந்து, என்ன நோய் என்று தோல் மருத்துவரே திணறும்படி உருமாறும். வழக்கமான மருந்துக்கு மசியாத படர்தாமரை இந்தியாவில் பரவியதற்கு இந்தக் களிம்புகளும் ஒரு காரணம் என்று தோல் மருத்துவர்கள் சொல்லி வருகிறார்கள். அந்தப் பூஞ்சை வகைக்கு 2020-இல் வைத்த பெயரிலேயே இந்தியா இருக்கிறது: டிரைக்கோஃபைட்டான் இன்டோடினியே.

முகத்துக்கும் இதே கதை. நிறம் ஏறும் என்று பீட்டாமெதசோன் களிம்பை மாதக்கணக்கில் பூசுபவர்கள் உண்டு. 2011-இல் வெளியான ஆய்வில், நாட்டின் பல நகரங்களில் முகத்தோல் பிரச்சினையோடு வந்த 2,926 பேரில் 433 பேர் முகத்தில் ஸ்டீராய்டு பூசிக்கொண்டிருந்தார்கள். தோல் மெலிந்து, ரத்தக்குழாய்கள் தெரிந்து, நிறுத்தினால் எரியும் இந்த நிலைக்கு இந்தியத் தோல் மருத்துவர்கள் தனிப் பெயரே வைத்திருக்கிறார்கள்.

இரண்டு கதைகளும் சந்திக்கும் இடமும் உண்டு. படர்தாமரைக்குக் கொடுக்கும் இட்ராகொனசோல் மாத்திரை, புடெசோனைடைச் சிதைக்கும் கல்லீரல் நொதியை அடக்கிவிடும். இன்ஹேலர் எடுப்பவர் அதையும் சேர்த்து விழுங்கினால், அழிய வேண்டிய ஸ்டீராய்டு உடம்பில் தேங்கும். எச்.ஐ.வி. சிகிச்சையில் வரும் ரிட்டோனவிரும் அப்படியே. தோல் மருத்துவரிடம் இன்ஹேலர் பற்றிச் சொல்லாமல் விடக் கூடாது.

அரசும் சும்மா இருக்கவில்லை. 2018 மார்ச்சில் தோல் ஸ்டீராய்டுகளுக்கு இருந்த விலக்கை நீக்கி, டாக்டர் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாது என்றது. அதே ஆண்டு செப்டம்பரில் மருந்தின் பொதுப்பெயரை வணிகப்பெயரைவிடப் பெரிய எழுத்தில் அச்சிட வேண்டும் என்ற விதியும் நடைமுறைக்கு வந்தது. ஆனால் மூன்றோ அதற்கு மேலோ மருந்துகள் கலந்த கூட்டுகளுக்கு அந்த விதியில் விலக்கு. ஸ்டீராய்டு ஒளிந்திருக்கும் களிம்புகள் பெரும்பாலும் அந்த ரகம்தான். தனியாக வரும் புடெசோனைடு தன் பெயரைப் பெரிதாகச் சொல்லிக்கொண்டு பழி சுமக்கிறது. கலவையில் வரும் குளோபெடசோல் ட்யூபின் பின்பக்கம் பொடி எழுத்தில், சுருட்டிப் பிதுக்கியதும் மறைந்துவிடும் இடத்தில் கிடக்கிறது.

இப்போதைக்கு வாங்குபவர் செய்யக்கூடியது, ட்யூபைத் திருப்பி ‘சோன்’, ‘சோல்’, ‘ஓலோன்’, ‘ஓனைடு’ என்று முடியும் பெயர் உண்டா என்று பார்ப்பது. கண்ணுக்கு எட்டாவிட்டால் கடையில் இருக்கும் பார்மசிஸ்டைக் கேட்பது. குளோபெடசோலும் ‘சோல்’, பூஞ்சைக்கான மைக்கோனசோலும் ‘சோல்’ என்பதால் முழுப் பெயரையும் படிக்க வேண்டும். ஸ்டீராய்டு என்று தெரிந்ததும் தாமாகவே நிறுத்திவிடவும் கூடாது. நாள்பட மாத்திரை சாப்பிட்டவருக்கு உடம்பு தன் சொந்தச் சுரப்பைக் குறைத்திருக்கும், மருத்துவர்தான் படிப்படியாகக் குறைக்க வேண்டும். ஆனால் இந்த வேலை முழுவதையும் வாங்குபவர் தலையில் கட்டுவது நியாயமல்ல. கூட்டு மருந்துகளுக்கான அந்த எழுத்து விலக்கை எடுத்துவிட்டு, ‘இதில் ஸ்டீராய்டு உள்ளது’ என்று தமிழிலும் பெரிய எழுத்தில் ட்யூபின் முன்பக்கம் போட வைப்பது அரசுக்குப் பெரிய காரியமல்ல.