யானைக் கொட்டிலிலிருந்து ஹொலிவூட்டுக்கு

வன்னியில் காடும் வயலும் ஒட்டிக் கிடக்கும் ஊர்களில் யானை என்றாலே இரவுக் காவலும் யானைவெடியும்தான் நினைவுக்கு வரும். அதே யானையின் முதுகிலிருந்து உலகத் திரைக்குப் போன முஸ்லிம் சிறுவன் ஒருவனை நம் வாசகர்களில் எத்தனை பேர் அறிவார்கள்?

பெயர் சாபு. 1924இல் மைசூர் சமஸ்தானத்துக் காராப்பூரில் பிறந்தவர், வாப்பா யானைப்பாகன். சிறு வயதிலேயே பெற்றோரை இழந்து மகாராஜாவின் யானைக் கொட்டிலில் வளர்ந்தவரை, ரொபர்ட் ஃபிளாஹர்ட்டியின் படப்பிடிப்புக் குழு கண்டெடுத்தது. 1937இல் 'எலிஃபன்ட் போய்', 1940இல் 'தீஃப் ஒஃப் பக்தாத்', 1942இல் 'ஜங்கிள் புக்' என்று பெயர் உலகெங்கும் பரவியது.

பிறகுதான் சங்கடம். பையன் வளர்ந்துவிட்டான், ஹொலிவூட்டின் கண்ணுக்கு வளரவேயில்லை! 'அரேபியன் நைட்ஸ்', 'கோப்ரா வுமன்' படங்களில் கதாநாயகன் ஜோன் ஹோல் என்ற வெள்ளையர். சாபுவுக்குத் தோழன் வேடம்.

1944இல் அமெரிக்கப் பிரஜையானார். வான்படையில் சேர்ந்து, பசிபிக் போர்முனையில் குண்டுவீச்சு விமானத்துத் துப்பாக்கி வீரராக நின்று வீரப் பதக்கமும் பெற்றார். திரும்பி வந்தவருக்கு மீண்டும் காட்டுக் கதைகளே காத்திருந்தன. 1947இல் இங்கிலாந்தில் தயாரான 'பிளாக் நார்சிஸஸ்' ஒரு விதிவிலக்கு. ஐம்பதுகளில் சர்க்கஸில் யானைகளோடு வித்தை காட்டியும் சம்பாதித்தார்.

மெஹ்பூப் கான் 'மதர் இந்தியா'வுக்கு அழைத்தும் அது கைகூடவில்லை. பிறந்த நாட்டின் படம் ஒன்றிலும் அவர் நடிக்கவில்லை.

1963 டிசம்பர் 2ஆம் திகதி மாரடைப்பால் மௌத்தானார். வயது 39. கடைசிப் படம் 1964இல் வெளிவந்தது. அதுவும் ஒரு புலிக் கதைதான்.