வீட்டுக் கடனின் மெய்விலை

நீலகிரியைக் கடந்து வந்து குண்டலுபேட்டையில் குடியேறிய நம்மவர்க்குச் சொந்த வீடு என்பது தீராத வேட்கை. ஆயினும் கடன் வாங்குங்கால் மாதத் தவணையைக் கேட்கிறோமேயன்றி, மொத்தம் எவ்வளவென்று கேட்பதில்லை.

20 லட்ச ரூபாயை 7 சதவீத வட்டியில் 20 ஆண்டுகளுக்குப் பெற்றால் தவணை ரூ.15,506, கட்டி முடிப்பது 37 லட்சத்துக்கும் மேல். அதுவும் வட்டி ஏறாதிருந்தால்தான்! 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரிப்போ வட்டியை 4 சதவீதத்திலிருந்து 6.5 ஆக்கிற்று. அதையொட்டி நம் கடன் வட்டியும் 9.5 ஆனதென்று கொள்வோம். நிலுவை பத்தொன்பதரை லட்சமாயின், ஒரு மாத வட்டியே ரூ.15,438. பழைய தவணையில் அசலுக்குச் சேர்வது வெறும் 68 ரூபாய்! இவ்வாறே போனால் கடன் தீர 57 ஆண்டுகள் ஆகும். (நாள்தோறும் ரயில்வேக் கணக்கில் உழலும் நாமே இதை மும்முறை போட்டுப் பார்த்த பின்னரே நம்பினோம்.)

தம்மைக் கேளாமலே தவணைக் காலம் நீட்டப்பட்டதாகப் பலர் முறையிட்டனர். அதன் பயனாக, தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா என்று தேரும் உரிமையைக் கடன் பெற்றவர்க்கே அளிக்குமாறு 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி பணித்தது. 2025இல் ரிப்போ வட்டி இறங்கியது. வட்டி இறங்குங்கால் தவணையைக் குறைக்காது கட்டுவோர்க்கு அசல் விரைந்து கரையும். மாறும் வட்டியில் தனியாள் பெற்ற வீட்டுக் கடனை முன்னதாக அடைப்பதற்கு அபராதமும் இல்லை. அன்பர்கள் தத்தம் கணக்கு விவரத்தை வங்கியில் கேட்டு வாங்கி, எஞ்சிய மாதங்கள் எத்தனை என்று இவ்வாரமே பார்ப்பார்களாக.