முகவரியை அடித்துவைத்த கட்டடக் கலைஞர்

1974 மார்ச் 17. நியூயார்க் பென் ரயில் நிலையக் கழிவறையில் 73 வயது முதியவர் ஒருவர் மாரடைப்பால் இறந்து கிடந்தார். அகமதாபாத்தில் வேலையை முடித்துவிட்டுப் பிலடெல்பியாவில் உள்ள வீட்டுக்குத் திரும்பிக்கொண்டிருந்தவர். கடப்பிதழில் வீட்டு முகவரியை அவரே அடித்துவைத்திருந்ததாக மகன் பின்னாளில் சொன்னார். இரண்டு நாள் கழித்துத்தான் குடும்பத்துக்குத் தகவல் போனது.

அவர் பெயர் லூயிஸ் கான். எஸ்தோனியாவிலிருந்து ஐந்து வயதில் அமெரிக்கா போன ஏழை யூதக் குடும்பத்துப் பிள்ளை. ஐம்பதைத் தாண்டிய பிறகே புகழ் வந்தது. அதற்கு முன், வேலை கிடைக்காத காலத்தில் மனைவி எஸ்தரின் சம்பளம்தான் வீட்டைத் தாங்கியது.

டாக்கா நாடாளுமன்றம் அவர் வடிவமைத்தது. அகமதாபாத்தின் இந்திய மேலாண்மைக் கழகமும் அவருடையதுதான். அங்கே உள்ளூர்ச் செங்கல்லையே எடுத்துக்கொண்டார். ஆழமான தாழ்வாரம், சுவரில் பெரிய வட்டத் திறப்பு. வெயில் வெளியே நின்றுவிடும், காற்று மட்டும் உள்ளே வரும்.

இறந்த பிறகு இரண்டு உண்மைகள் வெளிவந்தன. அலுவலகம் பெரும் கடனில் இருந்தது. எஸ்தருக்குப் பிறந்த மகள் சூ ஆன் தவிர, உடன் பணியாற்றிய ஆன் டிங்கிடம் ஒரு மகளும், ஹேரியட் பேட்டிசனிடம் ஒரு மகனும் அவருக்கு இருந்தார்கள். இரங்கல் செய்தியில் மனைவி, ஒரு மகள் பெயர் மட்டுமே. பதினொரு வயது நத்தானியேல் தன் பெயரைத் தேடினான், இல்லை.

அப்பா வாரம் ஒருமுறை வருவார், இரவோடு இரவாகக் கிளம்பிவிடுவார். அவ்வளவுதான் அவனுக்குத் தெரிந்த அப்பா. பாலம் கடந்து சிங்கையில் உழைத்து, பிள்ளை தூங்கிய பிறகு வீடு திரும்பும் ஜொகூர் பெற்றோரின் நேர்மை வேறு. கானின் மறைவு வாழ்க்கை வேறு. ஆனால் கதவைப் பார்த்துக் காத்திருக்கும் பிள்ளைக்கு அந்த வித்தியாசம் புரிய வருடங்கள் ஆகும்.

நத்தானியேல் வளர்ந்து, அப்பாவின் கட்டடங்களைத் தேடிப்போய் 2003இல் 'மை ஆர்க்கிடெக்ட்' ஆவணப்படம் எடுத்தார். அது ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டது.

2020 டிசம்பரில் அகமதாபாத் விடுதிகளை இடிக்கப்போவதாக அறிவிப்பு வந்தது. வேண்டாம் என்று கேட்டுக் கடிதம் எழுதியவர்களில் சூ ஆன், அலெக்ஸாண்ட்ரா, நத்தானியேல் மூவரும் இருந்தார்கள். அடுத்த மாதமே திட்டம் கைவிடப்பட்டது. 2022இல் மீண்டும் தலைதூக்கியது. கட்டடங்கள் எவ்வளவு நாள் நிற்குமோ! அப்பா ஒரே வீட்டில் சேர்த்துவைக்காத மூன்று பிள்ளைகளும் அவர் கட்டிய சுவருக்காக ஒன்றாகக் கையெழுத்துப் போட்டார்கள்.