இலவச ஜிம் அட்டையும் மச்சானின் கணக்கும்

2024ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் ஒரு வெள்ளிக்கிழமை இரவு. கடையைப் பூட்டிவிட்டு வீட்டுக்கு வந்து சாப்பாட்டில் கை வைக்கும் நேரம் பார்த்து அமெரிக்காவிலிருந்து மச்சானின் தொலைபேசி அழைப்பு வந்தது. எனது மூத்த ராத்தாவின் கணவர் அவர். நியூ ஜேர்சியில் நீண்ட காலம் சிறிய பலசரக்குக் கடை நடத்தி, இப்போது அதை மகனிடம் ஒப்படைத்துவிட்டு ஓய்வாக இருக்கிறார். அப்போது அவருக்கு வயது 68. மூன்று வருடங்களுக்கு முன்னர் இருதயத்தில் இரண்டு ஸ்டென்ட் வைத்தவர்.

"தம்பி, ஜிம்முக்கு ஒரு சதமும் கட்டத் தேவையில்லையாம். காப்புறுதிக் கம்பனியே கட்டுமாம். பிளானை மாத்தினால் சரி என்கிறான். நீ என்ன சொல்கிறாய்?"

நான் ஹாட்வெயார் கடைக்காரன். அமெரிக்கக் காப்புறுதியைப் பற்றி என்னிடம் கேட்பது, கொத்தனாரிடம் கண் வைத்தியம் கேட்பது போன்றது. ஆனாலும் மச்சான் எதை வாங்குவதென்றாலும் என்னிடம் ஒரு வார்த்தை கேட்பார். 'சும்மா' என்ற சொல்லைக் கேட்டதும் எனக்கும் உறக்கம் போய்விட்டது. இலவசமாகக் கொடுக்கும் பொருளுக்கு யாரோ ஒருவர் விலை கொடுத்திருப்பார். அந்த ஒருவர் யாரென்று பார்க்காமல் எனக்கு இருப்புக்கொள்ளாது.

வாசகர்களுக்கு விடயம் விளங்க வேண்டுமென்றால் மெடிகெயார் என்றால் என்னவென்று முதலில் சொல்ல வேண்டும். 1965ஆம் ஆண்டு ஜனாதிபதி லிண்டன் ஜோன்சன் கையொப்பமிட்ட சட்டத்தின்படி, 65 வயதைத் தாண்டியவர்களின் வைத்தியச் செலவை அமெரிக்க அரசு ஏற்கிறது. உழைக்கும் காலத்தில் சம்பளத்திலிருந்து அதற்காகப் பணம் வெட்டப்படுகிறது. ஆனால் முழுச் செலவையும் அரசு ஏற்பதில்லை. டொக்டர் பில்லில், ஆரம்பக் கழிவு போக, நூற்றுக்கு 80 அரசுடையது, 20 நோயாளியுடையது. அந்த 20க்கு உச்ச வரம்பு கிடையாது. பெரிய சத்திரசிகிச்சை ஒன்று வந்தால் அந்த 20 வீதமே ஒரு கடையை விழுங்கிவிடும். ஆகவே பலரும் மெடிகேப் என்ற துணைக் காப்புறுதி ஒன்றை மாதக் கட்டணம் செலுத்தித் தனியாக எடுக்கிறார்கள். மச்சானும் 65 வயதிலேயே எடுத்திருந்தார். அரசின் நேரடி மெடிகெயார் ஜிம் கட்டணம் கொடுப்பதில்லை. மெடிகேப்பிலும் சிலவற்றில்தான் அந்தச் சலுகை உண்டு, மச்சானுடையதில் இருக்கவில்லை.

இன்னொரு வழியும் இருக்கிறது. அதன் பெயர் மெடிகெயார் அட்வான்டேஜ். இதில் அரசு ஆளுக்கு இவ்வளவு என்று மாதாமாதம் ஒரு தொகையைத் தனியார் காப்புறுதிக் கம்பனிக்குக் கொடுத்துவிடும். வைத்தியச் செலவைக் கம்பனி பார்த்துக்கொள்ள வேண்டும். செலவு குறைந்தால் கம்பனிக்கு இலாபம், கூடினால் நட்டம். 2023ஆம் ஆண்டிலேயே மெடிகெயார்காரர்களில் பாதிக்கு மேற்பட்டோர் இந்த வழிக்குப் போய்விட்டார்கள். இவ்வளவு பேரை இழுக்கப் போட்டியென்றால் போட்டிதான். ஒரு கம்பனி பல் வைத்தியம் தரும், இன்னொன்று மூக்குக் கண்ணாடி தரும். ஜிம் அட்டையை அநேகமாக எல்லாக் கம்பனிகளும் தருகின்றன. பெயின்ட் வாளி வாங்கினால் பிரஷ் இலவசம் என்று நாங்கள் போர்ட் மாட்டுவதில்லையா, அதே வேலைதான்.

இந்த ஜிம் அட்டையின் கதை ஒரு பெண்ணிடமிருந்து தொடங்குகிறது. மேரி ஸ்வான்சன் என்பவரின் தந்தைக்கு மாரடைப்பு வந்தது. பிறகு உடற்பயிற்சியினால் அவர் தேறியதை மகள் கண்டார். 1992இல் அரிசோனா மாநிலத்தில் 'சில்வர் ஸ்னீக்கர்ஸ்' என்ற திட்டத்தை ஆரம்பித்தார். வெள்ளி நரையையும் ஓட்டச் சப்பாத்தையும் சேர்த்து வைத்த பெயர். கதிரையில் அமர்ந்தபடியே செய்யும் பயிற்சிகள், கைக்கு அடக்கமான சிறு பாரங்கள், இறப்பர் பட்டி, பந்து என்று முதியவர்களுக்கேற்ற வகுப்புகளைக் கொண்டது அது. பின்னர் நாடு முழுவதும் 15 ஆயிரத்துக்கும் மேற்பட்ட இடங்களுக்குப் பரவியது.

இதில் வியாபாரிகளாகிய நாம் கவனிக்க வேண்டியது ஜிம்காரரின் பக்கம். எங்கள் கடையில் காலை ஏழரையிலிருந்து பத்து மணிவரை பாஸ்மார் வந்து நெருக்குவார்கள். பிறகு பின்னேரம் நான்கு மணிவரை நானும் ஈயும்தான். கரண்ட் பில் ஓடும், பையன்மாரின் சம்பளம் ஓடும், வாடகை ஓடும். அமெரிக்க ஜிம்களும் அப்படித்தான். வேலைக்குப் போகிறவர்கள் விடியற்காலையிலும் மாலையிலும் வருவார்கள். காலை ஒன்பது மணியிலிருந்து பிற்பகல் வரை இயந்திரங்கள் சும்மா கிடக்கும். ஓய்வுபெற்றவர்களுக்கோ அதுதான் வசதியான நேரம். அவர்கள் வந்து போகும் ஒவ்வொரு தடவைக்கும், மாதத்துக்கு ஓர் உச்ச வரம்புக்கு உட்பட்டு, சிறியதொரு தொகை ஜிம்முக்குக் கிடைக்கிறது. கதவு எப்படியும் திறந்துதான் இருக்கிறது, விளக்கு எரிந்துதான் இருக்கிறது. ஆகவே வருவது கொஞ்சமானாலும் அதில் பெரும்பகுதி மிச்சம். ஆள் வராவிட்டால் அந்தத் தொகையும் இல்லை. அட்டையை வாங்கி மேசை லாச்சிக்குள் போட்டுவிடுகிறவர்கள் எத்தனை பேர் என்று சொல்லவா வேண்டும்? அதனால்தான் கம்பனிக்கும் இந்தச் சலுகை மலிவாக முடிகிறது.

நடுவில் நின்று இரண்டு பக்கத்தையும் இணைத்த நிறுவனம் நன்றாகவே உழைத்தது. ஆனால் அதற்கும் ஓர் அடி விழுந்தது. டிவிட்டி ஹெல்த் என்ற பெயரில் அது பங்குச் சந்தையில் இருந்தபோது, 2017 நவம்பரில் யுனைடெட் ஹெல்த்கெயார் என்ற மாபெரும் காப்புறுதிக் கம்பனி, தன்னுடைய பல வாடிக்கையாளர்களுக்கு இனிச் சில்வர் ஸ்னீக்கர்ஸ் இல்லை, சொந்தமாக ஜிம் திட்டம் நடத்தப்போகிறோம் என்று அறிவித்தது. ஒரே நாளில் டிவிட்டியின் பங்கு விலையில் மூன்றிலொரு பங்களவு போய்விட்டது. ஒன்றிரண்டு பெரிய கொந்தராத்துக்காரர்களை நம்பி ஸ்டோர் நிறையச் சாமான் போட்டிருக்கும் நண்பர்களுக்கு இந்த வலி விளங்கும். நிறுவனம் தப்பிவிட்டது. 2022இல் ஒரு முதலீட்டுக் கம்பனி 200 கோடி டொலருக்கு அதை வாங்கியது.

சரி, மச்சானின் கேள்விக்கு வருவோம். கம்பனி ஏன் ஜிம்மைத் தெரிவு செய்கிறது? உடற்பயிற்சி செய்தால் நோய் குறையும், வைத்தியச் செலவு குறையும் என்பது ஒரு காரணம். அதை நான் மறுக்கவில்லை. இன்னொரு காரணமும் இருக்கிறது. 2012 ஜனவரியில் 'நியூ இங்கிலாந்து ஜேர்னல் ஒஃப் மெடிசின்' என்ற புகழ்பெற்ற வைத்திய சஞ்சிகையில் பிரவுன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் இருவர் எழுதினார்கள். புதிதாக ஜிம் சலுகை சேர்த்த 11 திட்டங்களையும், சேர்க்காத 11 திட்டங்களையும் அவர்கள் ஒப்பிட்டிருந்தார்கள். ஜிம் சலுகை வந்த பிறகு அந்தத் திட்டங்களில் புதிதாகச் சேர்ந்தவர்களில், தாம் நல்ல தேகாரோக்கியத்துடன் இருப்பதாகச் சொன்னவர்கள் முன்னரை விட அதிகம்.

எனக்கு உடனே விளங்கியது. 'நோயாளிகள் வர வேண்டாம்' என்று போர்ட் போட சட்டம் விடாது. 'ஜிம் இலவசம்' என்று போட்டால் போதும். முழங்கால் வலிக்காரர் அந்த போர்டைப் பார்த்துத் திரும்பமாட்டார், நடக்கக்கூடியவர் திரும்புவார். அரிதட்டில் போட்டால் மணல் ஒரு பக்கம், கல் ஒரு பக்கம். நோய்க்குத் தக்கபடி அரசு கொடுக்கும் தொகையைக் கூட்டிக் குறைக்கும் முறை பின்னர் இறுக்கமாகிவிட்டதால் இந்தத் தந்திரத்தின் இலாபம் முன்போல இல்லை. என்றாலும் அரிதட்டு இருக்கத்தான் செய்கிறது. இதை மோசடி என்று நான் சொல்லமாட்டேன். நல்ல வாடிக்கையாளன் எங்கே நிற்பான் என்று பார்த்துக் கடை திறப்பது வியாபாரம்தான்.

ஆனால் மச்சான் அந்த அரிதட்டின் தவறான பக்கத்தில் நிற்கிறவர். அதுதான் என் கவலை.

ஒவ்வொரு வருடமும் ஒக்டோபர் 15 முதல் டிசம்பர் 7 வரை திட்டத்தை மாற்றிக்கொள்ளலாம். அந்த நாட்களில் தபால் பெட்டி நிறைய விளம்பரம், தொலைக்காட்சி நிறைய விளம்பரம். மச்சானின் வீட்டுக்கு வந்த முகவர் நல்ல பிள்ளையாம், மரியாதையாகப் பேசினாராம். இருக்கட்டும். புதிதாக ஓர் ஆளை அட்வான்டேஜில் சேர்த்தால் முகவருக்குக் கிடைக்கக்கூடிய உச்சத் தரகை அரசே ஒவ்வொரு வருடமும் நிர்ணயிக்கிறது. 2025இல் அது 600 டொலருக்கு மேல். மரியாதையின் விலை அதில் அடக்கம்.

நான் மச்சானிடம் நான்கு விடயம் விசாரிக்கச் சொன்னேன். உங்கள் இருதய டொக்டர் இந்தப் புதிய கம்பனியின் பட்டியலில் இருக்கிறாரா? ஸ்கான் எடுக்க முதல் கம்பனியின் அனுமதி வேண்டுமா? மாதக் கட்டணம் பூச்சியம் என்கிறார்களே, அரசுக்குக் கட்டுவது நிற்குமா? பிடிக்காவிட்டால் பழைய இடத்துக்குத் திரும்பலாமா?

பதில்களை எடுக்க அவருக்கு ஒரு வாரம் பிடித்தது. டொக்டர் பட்டியலில் இல்லை. பல பரிசோதனைகளுக்கு முன் அனுமதி வேண்டும். அரசுக்குக் கட்டும் கட்டணம், 2025இல் வழமையாக மாதம் 185 டொலர், எந்த வழியில் போனாலும் கட்டியே ஆக வேண்டும். பூச்சியம் என்பது அதற்கு மேலுள்ள பூச்சியம். மெடிகேப் கட்டணம் மிச்சமாகும் என்பது உண்மை, அது சிறிய தொகையுமல்ல. ஆனால் அந்தக் காசுதான் மச்சானின் 20 வீதத்தைக் கட்டுகிறது.

நான்காவது பதில்தான் என்னைத் தூக்கிவாரிப் போட்டது. முதற்தடவை மாறுகிறவருக்கு ஒரு வருட அவகாசம் உண்டு. அதற்குள் திரும்பினால் பழைய மெடிகேப்பை மீண்டும் எடுக்கலாம். அந்த வருடம் கடந்துவிட்டால், நியூ யோர்க் போன்ற சில மாநிலங்களைத் தவிர மற்ற இடங்களில், மெடிகேப் கம்பனி நோய் விபரம் கேட்கலாம், கட்டணத்தைக் கூட்டலாம், வேண்டாம் என்றும் சொல்லலாம். நியூ ஜேர்சி அந்தச் சில மாநிலங்களில் ஒன்றல்ல. இரண்டு ஸ்டென்ட் உள்ளவரை 70 வயதில் எந்தக் கம்பனி கூப்பிட்டு எடுக்கும்?

"மச்சான், ஜிம்முக்குக் கையிலிருந்து கட்டினால் எவ்வளவு?" என்று கேட்டேன். அதை மட்டும் அவர் விசாரித்திருக்கவில்லை. மறுநாள் அழைத்தார். பக்கத்து ஜிம்மில் முதியவர்களுக்கு மாதம் 20 டொலராம். பிளனட் ஃபிட்னஸ் போன்ற பெரிய ஜிம்களின் சாதாரண அட்டைகூட 2024இல் 10 டொலரிலிருந்து 15 டொலருக்குத்தான் ஏறியது. ஆக, பிரச்சினை முழுவதும் வருடம் 240 டொலர். அந்த 240 டொலரை மிச்சம் பிடிக்கத் தன் இருதய டொக்டரை விற்கப் பார்த்திருக்கிறார் மனுஷர். நாற்பது வருடம் கல்லாவில் இருந்தவர்!

மச்சான் மாறவில்லை. ஆனால் கதை இத்துடன் முடியவில்லை. ராத்தாவுக்கு அந்த வருடம்தான் 65 பிறந்தது. அல்ஹம்துலில்லாஹ், பிரஷரும் இல்லை, சீனியும் இல்லை, மாடிப்படியில் என்னை விட வேகமாக ஏறுவார். அவருடைய டொக்டர் அட்வான்டேஜ் பட்டியலில் இருந்தார். எல்லாவற்றையும் நிதானமாக வாசித்துப் பார்த்து, மகனையும் கேட்டு, ஜிம் அட்டையுள்ள திட்டத்திலேயே சேர்ந்துவிட்டார். பெண்களுக்கு மட்டுமான ஜிம்களும் அந்தப் பட்டியலில் இருந்தது அவருக்கு வசதி. அந்த ஆய்வாளர்கள் பார்த்திருந்தால் சிரித்திருப்பார்கள். ஒரே வீட்டில் மணல் ஒரு பக்கம், கல் ஒரு பக்கம்.

2025 பெப்ரவரியில் மச்சான் மறுபடியும் அழைத்தார். காலை பத்து மணி வகுப்புக்கு ராத்தாவை இறக்கிவிட்டு, தன்னுடைய ஜிம் வாசலில் காரை நிறுத்தியிருந்தார்.

"தம்பி, வீட்டில் இரண்டு பேர் ஜிம்முக்குப் போகிறோம், காசு கட்டுகிற ஆள் நான் மட்டும்தான்" என்றார்.

வாரத்துக்கு எத்தனை நாள் போகிறீர்கள் என்று கேட்டேன். ஐந்து நாளாம். கட்டிய காசு வீண் போகக்கூடாதாம்.