50 லட்ச ரூபாய் வீட்டின் உண்மையான விலை என்ன?

கிரகப்பிரவேசத்துக்கு வரும் சொந்தக்காரர்கள் தவறாமல் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. "வீடு எவ்வளவுக்கு முடிஞ்சுது மாப்ளே?" பால் காய்ச்சிய கையோடு வீட்டுக்காரர் பெருமையாகச் சொல்வார், "அம்பது லட்சம் ஆச்சு மாமா."

அவர் பொய் சொல்லவில்லை. விற்றவருக்குக் கொடுத்தது 50 லட்சம்தான். ஆனால், அந்த வீட்டுக்காகக் கடைசியில் அவர் கையிலிருந்து போகப்போகும் தொகை அதுவல்ல. அது எவ்வளவு என்று பெரும்பாலும் அவருக்கே தெரியாது. வங்கியில் கையெழுத்துப் போட்ட அன்று அவர் கேட்டது இரண்டே கேள்விகள்தான். லோன் எவ்வளவு கிடைக்கும்? மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?

மூன்றாவதாக ஒரு கேள்வி இருக்கிறது. கட்டி முடிக்கும்போது மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம்?

ஒரு குடும்பத்தை உதாரணமாக வைத்துக்கொள்வோம். கணவருக்கு வயது 36. மனைவியும் வேலைக்குப் போகிறார். மகளுக்கு 6 வயது. தமிழ்நாட்டில் ஓர் ஊரில் 50 லட்ச ரூபாய்க்குத் தனி வீடு ஒன்றை வாங்குகிறார்கள்.

வீட்டுக்கடன் 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரை இருந்தால், வீட்டு மதிப்பில் 80 சதவீதத்துக்கு மேல் வங்கிகள் கடன் தரக்கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. ஆக, கடன் 40 லட்சம். மீதி 10 லட்சம் சொந்தப் பணம். இதோடு கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை, பதிவுக் கட்டணம் எல்லாம் சேர்த்து 9 சதவீதம். அது 4.5 லட்சம். 10 லட்சத்துக்கு மேற்பட்ட வீடுகளுக்கு, கடன் தொகையை முடிவு செய்யும்போது இந்தப் பதிவுச் செலவை வீட்டு விலையோடு சேர்த்துக் கணக்கிட மாட்டார்கள். அதையும் கையிலிருந்துதான் போட வேண்டும். தங்க நகை அடகுக்கடைக்குப் போவது பல வீடுகளில் இந்த இடத்தில்தான். வங்கியின் ப்ராசஸிங் கட்டணம், வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர், பத்திர எழுத்தர் என்று உதிரிச் செலவுகள் தனி.

கடன் 20 ஆண்டுகளுக்கு. வட்டி 8.5 சதவீதம். மாதத் தவணை 34,713 ரூபாய். 240 மாதங்களுக்கு இதைப் பெருக்கினால் 83.31 லட்சம் வருகிறது. வாங்கியது 40 லட்சம், வட்டி மட்டும் 43.31 லட்சம். கையிலிருந்து போட்ட 14.5 லட்சத்தையும் சேர்த்தால் 97.8 லட்சம். மாமாவிடம் சொன்ன 50 லட்ச ரூபாய் வீடு, கிட்டத்தட்ட ஒரு கோடி ரூபாய் வீடு.

இதில் ஒரு நியாயத்தையும் சொல்லியாக வேண்டும். 20 ஆண்டு கழித்துக் கொடுக்கும் 34,713 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது. சம்பளம் கூடும், வாடகை மிச்சம், வீட்டின் விலையும் ஏறலாம். எனவே 43 லட்சமும் தண்டம் என்று பதறத் தேவையில்லை. ஆனால் அந்தத் தொகையை முன்கூட்டியே தெரிந்துகொண்டு கையெழுத்துப் போடுவது வேறு, தெரியாமல் போடுவது வேறு.

பாதி வருடம் போனாலும் பாதிக் கடன் தீராது

முதல் மாதம் கட்டும் 34,713 ரூபாயில் 28,333 ரூபாய் வட்டிக்குப் போய்விடுகிறது. அசலில் குறைவது 6,380 ரூபாய். முதல் ஆண்டு முழுவதும் 4.16 லட்சம் கட்டினால், கடன் குறைந்திருப்பது சுமார் 80,000 ரூபாய்தான்.

வங்கி ஏமாற்றுகிறதா? இல்லை. நிலுவையில் இருக்கும் தொகைக்குத்தான் ஒவ்வொரு மாதமும் வட்டி. ஆரம்பத்தில் நிலுவை மலைபோல இருப்பதால் வட்டியும் அதிகம். தவணை மாறாமல் இருப்பதால் அசலுக்கு மிஞ்சுவது கொஞ்சம். மாதம் போகப் போக இந்த விகிதம் மாறும், ஆனால் மிக மெதுவாக மாறும். இந்தக் குடும்பத்தின் தவணையில் வட்டியை விட அசல் அதிகமாக இருக்கப்போவது 143-வது மாதத்தில்தான். அதாவது 12-வது ஆண்டு முடியும் நேரத்தில்.

10 ஆண்டுகள் ஒழுங்காகக் கட்டிவிட்டு, "பாதிக் கடன் முடிஞ்சிருக்கும்" என்று நினைத்துக்கொண்டு ஸ்டேட்மென்ட் வாங்கிப் பார்ப்பவர்கள் அதிர்ந்துபோவது இதனால்தான். கட்டியது 41.65 லட்சம், வாங்கிய கடனைவிட அதிகம். ஆனால் நிலுவை இன்னும் 28 லட்சம். 12 ஆண்டு முடிவில் மகள் கல்லூரி வாசலில் நிற்பாள். அப்போதும் நிலுவை 24 லட்சம் இருக்கும். கல்லூரிக் கட்டணமும் தவணையும் ஒரே சம்பளத்திலிருந்து போக வேண்டும்.

'தவணையைக் குறைச்சுத் தரலாமே சார்!'

34,713 ரூபாய் என்றதும் தயங்குபவர்களிடம் விற்பனைப் பிரதிநிதி அன்பாகச் சொல்லும் யோசனை இது. "30 வருஷமா போட்டுக்கலாம் சார். மாசம் நாலாயிரம் குறையும்." உண்மைதான். தவணை 30,757 ரூபாயாகக் குறையும். ஆனால் மொத்த வட்டி 43.31 லட்சத்திலிருந்து 70.72 லட்சமாக ஏறும். மாதம் நாலாயிரத்தைக் குறைக்க, 27 லட்சத்துக்கு மேல் கூடுதல் வட்டி. கடன் முடியும்போது அவருக்கு 66 வயது. சம்பளம் நின்று ஆறு ஆண்டுகள் ஆகியிருக்கும்.

இதையே 15 ஆண்டுகளில் முடிப்பதாக இருந்தால் தவணை 39,390 ரூபாய். 20 ஆண்டுத் தவணையை விட மாதம் 4,677 ரூபாய் கூடுதல். மொத்த வட்டி 30.90 லட்சம். கணவனும் மனைவியும் மொபைலில் ஏதாவது ஒரு இ.எம்.ஐ. கால்குலேட்டரைத் திறந்து, வருடங்களை மட்டும் மாற்றி மாற்றிப் பார்த்தாலே இந்த வித்தியாசம் புரிந்துவிடும். வட்டியில் கால் சதவீதம் குறைக்க நான்கு வங்கி ஏறி இறங்குபவர்கள்கூட இந்த ஐந்து நிமிடத்தைச் செலவழிப்பதில்லை.

வட்டி விகிதம் முக்கியமில்லை என்று அர்த்தமில்லை. இதே 40 லட்சம், இதே 20 ஆண்டு, வட்டி 8 சதவீதம் என்றால் மொத்தத்தில் 3 லட்சம் மிச்சம். ஆனால் ஐந்து ஆண்டு கூடுதல் குறைவு செய்யும் வேலைக்கு முன்னால் அது சின்னத் தொகை.

சத்தமில்லாமல் நீளும் கடன்

மேலே சொன்ன கணக்கெல்லாம் வட்டி மாறாமல் இருந்தால்தான். வீட்டுக்கடன்கள் பெரும்பாலும் மாறும் வட்டி அடிப்படையிலானவை. 2019 அக்டோபர் 1 முதல், வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்களை ரெப்போ போன்ற ஒரு வெளி விகிதத்தோடு இணைக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. ரெப்போ என்பது வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் கொடுக்கும் வட்டி. அது ஏறினால் வீட்டுக்கடனும் ஏறும்.

2022 மே மாதம் வரை ரெப்போ 4 சதவீதமாக இருந்தது. 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதம். பத்தே மாதத்தில் 2.5 சதவீதம் ஏற்றம். 2021-ல் 6.75 சதவீத வட்டிக்கு 20 ஆண்டுகளுக்கு 40 லட்சம் கடன் வாங்கியவருக்குத் தவணை 30,415 ரூபாய். நிலுவை 39 லட்சமாக இருக்கும்போது வட்டி 9.25 சதவீதமாகிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். அந்த மாத வட்டி மட்டுமே 30,062 ரூபாய். கட்டும் தவணையில் அசலுக்குப் போவது 353 ரூபாய்! இதே தவணையில் போனால் கடன் தீர இன்னும் 48 ஆண்டுகள் ஆகும்.

தவணை ஏறியிருந்தால் வீட்டில் பேச்சு வந்திருக்கும். தவணையை அப்படியே விட்டுவிட்டு வருடத்தை நீட்டும்போது யாருக்கும் வலிப்பதில்லை. மாதாமாதம் அதே பணம்தானே போகிறது? மொபைலுக்கு வந்த ஆங்கில எஸ்.எம்.எஸ்-ஐ யார் படிக்கிறார்கள்?

இந்தப் பிரச்னைக்காகவே 2023 ஆகஸ்ட் 18-ல் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குத் தர வேண்டும். மாத வட்டிக்குக்கூடப் போதாத அளவுக்குத் தவணை போய்விடக்கூடாது. இதுவரை வசூலான அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை பாக்கி என்ற விவரத்தைக் காலாண்டுக்கு ஒருமுறை தர வேண்டும். அந்தக் காலாண்டு அறிக்கையில் பார்க்க வேண்டியது ஒரே எண்தான்: பாக்கித் தவணைகளின் எண்ணிக்கை. போன தடவையைவிட அது கூடியிருந்தால் உடனே வங்கிக்குப் போவது நல்லது.

வட்டி குறையும்போதும் கவனம் வேண்டும். 2025 பிப்ரவரிக்கும் ஜூனுக்கும் இடையே ரெப்போ 1 சதவீதம் குறைக்கப்பட்டது. அப்படிக் குறையும் காலத்தில் தவணையைக் குறைக்காமல் பழைய தொகையையே கட்டிவந்தால் வருடங்கள் குறையும். பல ஆண்டுகளுக்கு முன் பழைய வட்டி முறையில் கடன் வாங்கியவர்களும், வீட்டுவசதி நிதி நிறுவனங்களில் வாங்கியவர்களும், இன்று புதிதாக வருபவருக்கு என்ன வட்டி என்று ஒருமுறை விசாரித்துப் பார்க்கலாம். தங்களைவிட ஒரு சதவீதம் குறைவாக இருந்தால், மாற்றித் தரும்படி எழுதிக் கேட்கலாம். கேட்காதவருக்கு யாரும் தானாகக் குறைத்துத் தருவதில்லை.

தீபாவளி போனஸ் எங்கே போக வேண்டும்?

மாறும் வட்டி வீட்டுக்கடனைத் தனிநபர்கள் முன்கூட்டியே அடைத்தால் அபராதம் வசூலிக்கக்கூடாது. முழுவதுமாக அடைத்தாலும் சரி, பகுதியாகக் கட்டினாலும் சரி. இருந்தும் பலர், "கடைசியில பாத்துக்கலாம்" என்று விட்டுவிடுகிறார்கள்.

நம் உதாரணக் குடும்பம் முதல் ஆண்டு முடிவில் 2 லட்சம் கூடுதலாகக் கட்டினால், கடன் 26 மாதம் முன்னதாக முடியும். மிச்சமாகும் வட்டி சுமார் 7.1 லட்சம். அதே 2 லட்சத்தை 12-வது ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் சுமார் 1.8 லட்சம்தான். பணம் ஒன்றுதான், கட்டும் வருடம்தான் வேறு. மொத்தமாக 2 லட்சம் முடியாது என்றால், ஆண்டுக்கு ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டலாம். கடன் 3 ஆண்டு 3 மாதம் முன்னதாகத் தீரும். வட்டியில் 8 லட்சத்துக்கு மேல் மிச்சம்.

ஒரு எச்சரிக்கை. கையில் இருப்பதையெல்லாம் வழித்தெடுத்து லோனில் போட்டுவிடக்கூடாது. ஆஸ்பத்திரிச் செலவோ வேலை இழப்போ வந்தால், கட்டிய பணத்தை வங்கியில் திருப்பிக் கேட்க முடியாது. ஆறு மாதத் தவணையும் வீட்டுச் செலவும் தனியே இருக்கட்டும். 14 சதவீத பெர்சனல் லோனோ கிரெடிட் கார்டு பாக்கியோ இருந்தால், முதலில் அடைக்க வேண்டியது அதுதான்.

"லோன் இருந்தாத்தான் டாக்ஸ் மிச்சம்" என்று அலுவலகத்தில் யாராவது சொல்வார்கள். பழைய வரி முறையில், குடியிருக்கும் சொந்த வீட்டுக்கான வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரைதான் கழிவு. 20 சதவீத வரி வரம்பில் இருப்பவருக்கு அதனால் மிச்சம், செஸ் சேர்த்து, 41,600 ரூபாய். அதற்காக முதல் ஆண்டு கட்டும் வட்டி 3.37 லட்சம். புதிய வரி முறையில் இருப்பவருக்கு அந்தக் கழிவும் கிடையாது.

கடனோடு சேர்த்துத் தலையில் கட்டப்படும் காப்பீட்டையும் விசாரிக்க வேண்டும். குடும்பத் தலைவர் இல்லாமல் போனால் கடனை அடைக்க ஒரு காப்பீடு அவசியம்தான். ஆனால் 1 லட்ச ரூபாய் பிரீமியத்தை மொத்தமாகக் கடனிலேயே சேர்த்துவிட்டால், 20 ஆண்டில் அது 2.08 லட்சமாகிவிடும். வங்கி காட்டும் நிறுவனத்தில்தான் எடுக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. வெளியில் டேர்ம் பாலிசிக்கு என்ன பிரீமியம் என்று கேட்டுவிட்டு முடிவு செய்யலாம். 2024 அக்டோபர் 1 முதல் இப்படிப்பட்ட கட்டணங்களையும் சேர்த்து, உண்மையான ஆண்டுச் செலவு எத்தனை சதவீதம் என்பதை ஒரு தகவல் அறிக்கையாகக் கடன் வாங்குபவருக்குத் தர வேண்டும் என்பது விதி. கையெழுத்துக்கு முன் அந்தத் தாளைக் கேட்டு வாங்கி, வீட்டுக்கு எடுத்துவந்து படிக்கலாம்.

கடன் ஒருநாள் தீரும். அன்று ஸ்வீட் வாங்கும் அவசரத்தில் பத்திரத்தை மறந்துவிடக்கூடாது. கடன் முழுவதும் அடைந்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். நிறுவனத்தின் தவறால் தாமதமானால், நாள் ஒன்றுக்கு 5,000 ரூபாய் அவர்கள் இழப்பீடு தர வேண்டும். 2023 டிசம்பர் முதல் இந்த விதி இருக்கிறது. பத்திரம் கைக்கு வந்ததும் தாய்ப்பத்திரம் முதல் எல்லாம் சரியாக இருக்கிறதா என்று எண்ணிப் பார்த்து, அடமானப் பதிவை ரத்து செய்யும் ரசீதைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்துவிட வேண்டும். பிறகு ஒரு வில்லங்கச் சான்று போட்டு, வங்கியின் பெயர் நீங்கிவிட்டதா என்று பார்த்துக்கொள்ளலாம்.