சொந்த இடத்தை மீட்க எவ்வளவு கோர்ட் ஃபீஸ்?

நிலத்தகராறு பற்றிப் பேச்சு வந்தால் என்னிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்வி இது: "இடம் என்னோடது, பத்திரம் என் பேர்ல இருக்கு. அதைத் திரும்பக் கேக்க நான் ஏன் பணம் கட்டணும்?" நியாயமான கேள்விதான். ஆனால் சட்டம் வேறு கோணத்தில் பார்க்கிறது. சொத்து யாருடையது என்பது வழக்கின் முடிவில்தான் தெரியும். கட்டணமோ வழக்கின் வாசலிலேயே வசூலிக்கப்படுவது. அதனால் உங்கள் பிராதில் நீங்கள் என்ன கேட்கிறீர்கள் என்பதை வைத்துத்தான் கணக்கு.

தமிழ்நாட்டில் இதற்கான சட்டம் 1955-ஆம் ஆண்டின் நீதிமன்றக் கட்டணங்கள் மற்றும் வழக்கு மதிப்பீட்டுச் சட்டம். மதிப்பின் மீது 7.5 சதவீதமாக இருந்த கட்டணம் 2017-ல் 3 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. 40 லட்ச ரூபாய் சொத்துக்கு முன்பு 3 லட்சம் கட்டவேண்டியிருந்தது, இப்போது 1,20,000. ஆனால் எந்த மதிப்பின் மீது 3 சதவீதம்? அங்கேதான் விஷயம் இருக்கிறது.

அதே 40 லட்ச ரூபாய் இடத்தையே எடுத்துக்கொள்வோம்.

அடுத்தவர் கையில் இருக்கும் இடத்தின் சுவாதீனத்தைக் கேட்டால் (பிரிவு 30), அல்லது "இடம் என்னுடையது என்று அறிவித்து, சுவாதீனமும் கொடுங்கள்" என்று கேட்டால் (பிரிவு 25-அ), முழுச் சந்தை மதிப்பின் மீது கட்டணம். அதாவது 1,20,000.

இடம் உங்கள் கையிலேயே இருக்கிறது, உரிமையை விளம்புகை செய்து, எதிராளி தலையிடாமல் உறுத்துக்கட்டளையும் கேட்கிறீர்கள் என்றால் (பிரிவு 25-ஆ), பாதி மதிப்பு. 60,000.

வெறும் உறுத்துக்கட்டளை மட்டும் என்றால் (பிரிவு 27), நீங்களே பிராதில் போடும் ஒரு சிறு மதிப்பு போதும். ஆனால் எதிராளி உங்கள் உரிமையையே மறுக்கிறார் என்று நீங்கள் சொன்னாலோ, உரிமை பற்றி நீதிமன்றம் எழுவினா வனைந்தாலோ, இதுவும் பாதி மதிப்புக்குப் போய்விடும்.

உரிமையைப் பற்றிப் பேசாமல், "என்னைச் சட்டவிரோதமாக வெளியேற்றிவிட்டார்கள், திரும்ப உள்ளே விடுங்கள்" என்று மட்டும் கேட்கும் வழக்கும் உண்டு. அதற்கும் பாதி மதிப்புதான் (பிரிவு 28). ஆனால் வெளியேற்றப்பட்ட 6 மாதத்துக்குள் போடவேண்டும். தீர்ப்புக்கு மேல்முறையீடு கிடையாது.

குத்தகைதாரரைக் காலி செய்யச் சொல்லும் வழக்கில் சொத்தின் மதிப்பே கணக்கில் வராது. வழக்குப் போடுவதற்கு முந்தைய ஓராண்டு வாடகைதான் அடிப்படை. மாத வாடகை 15,000 என்றால் ஆண்டுக்கு 1,80,000, கட்டணம் 5,400. (2019 முதல் வாடகை வீட்டுத் தகராறுகள் பலவும் புதிய வாடகைச் சட்டத்தின்கீழ் வாடகை நீதிமன்றத்துக்குப் போகின்றன. உரிமையியல் நீதிமன்றத்துக்கு வரும் வழக்குகளுக்குத்தான் இந்தக் கணக்கு.)

இந்தப் பட்டியலைப் பார்த்ததும் யாருக்கும் ஒரு ஆசை வரும்: 1,20,000 கட்டுவதற்குப் பதில் வெறும் விளம்புகை மட்டும் கேட்டால் என்ன? இது ஆபத்தான சிக்கனம். குறித்தவகைத் தீர்வழிச் சட்டத்தின் 34-ஆம் பிரிவு, மேலும் ஒரு பரிகாரம் கேட்க முடிந்தும் கேட்காமல் விட்டவருக்கு விளம்புகையை மறுக்கிறது. இடம் எதிராளி கையில் இருக்கும்போது சுவாதீனம் கேட்காமல் விட்டால், பல வருடம் நடந்த வழக்கு இந்த ஒரு காரணத்தால் தள்ளுபடியாகலாம். அதற்குள் எதிராளியின் எதிரிடை அனுபவம் 12 ஆண்டைத் தாண்டிவிட்டால், புதிதாக வழக்குப் போடவும் வழியிருக்காது. மிச்சம் பிடித்தது கட்டணத்தை, விட்டது நிலத்தை.

பாகப்பிரிவினை வழக்குகளில் இந்த வேறுபாடு இன்னும் நுட்பமானது. கூட்டுச் சுவாதீனத்தில் இருப்பவருக்கு நிலையான சிறு கட்டணம். வெளியேற்றப்பட்டவருக்கு அவர் பங்கின் சந்தை மதிப்பில் கட்டணம். கல்யாணமாகிப் போன மகள் அண்ணன் உழும் நிலத்தில் பங்கு கேட்டால், அவர் எந்த வகை? தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் 1980-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது: வருமானத்தில் பங்கு கொடுக்கவில்லை என்பதற்காக மட்டும் அவர் வெளியேற்றப்பட்டவர் ஆகிவிட மாட்டார். ஒரு கூட்டுரிமையாளரின் சுவாதீனம் சட்டத்தின் பார்வையில் எல்லாருடைய சுவாதீனமும்தான். வெளியேற்றப்பட்டதாகப் பிராதிலேயே தெளிவாகச் சொல்லியிருந்தால் மட்டுமே பெரிய கட்டணம். பெண்கள் தொடுக்கும் பாகவழக்குகளுக்கு இது பெரிய பலம். அதனால்தான் பிராதில் "என்னைத் துரத்திட்டாங்க" என்ற பொருளில் ஒரு வாக்கியம் எழுதுமுன் வக்கீல்கள் இரண்டு முறை யோசிக்கிறார்கள்.

சந்தை மதிப்பு என்பது பிராது தாக்கல் செய்யும் நாளின் மதிப்பு. இருபது வருடத்துக்கு முன் வாங்கிய விலையைப் போட்டால் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். பதிவுத்துறையின் வழிகாட்டி மதிப்பை ஒப்பிட்டுப் பார்க்கலாம், ஆனால் அதுவே கடைசி வார்த்தை இல்லை. குறைத்துப் போட்டதாக நீதிமன்றம் கண்டால் உடனே வழக்கு போய்விடாது. திருத்திக் கட்ட அவகாசம் தரும். அப்போதும் கட்டாவிட்டால்தான் பிராது நிராகரிக்கப்படும். எந்த நீதிமன்றம் விசாரிக்கும், முன்சீப்பா சார்பு நீதிமன்றமா என்பதையும் பெரும்பாலும் இந்த மதிப்புதான் முடிவு செய்கிறது.

இதைப் பிரதிவாதி ஒரு ஆயுதமாக எடுப்பதும் உண்டு. வழக்கை இழுக்க "கோர்ட் ஃபீஸ் குறைவு" என்று ஆட்சேபிப்பார். ஆட்சேபிக்கச் சட்டம் இடம் தருகிறதுதான். ஆனால் கட்டணம் அடிப்படையில் வாதிக்கும் அரசுக்கும் இடையிலான விவகாரம் என்று 1961-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கட்டணம் சரி என்று கீழ்நீதிமன்றம் முடிவு செய்த பிறகு, அதை மட்டும் பிடித்துக்கொண்டு பிரதிவாதி உயர் நீதிமன்றத்துக்குச் சீராய்வுக்குப் போக முடியாது.

பணமே இல்லாதவர் என்ன செய்வது? உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 33-ன்படி, கட்டணம் கட்ட வசதியற்றவராக வழக்குத் தொடர அனுமதி கேட்கலாம். 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி, பெண்களும் பட்டியல் சாதி, பழங்குடியினரும் மாற்றுத்திறனாளிகளும் வருமான வரம்பு பார்க்காமலே இலவசச் சட்ட உதவி கேட்கலாம். கட்டிய பணமும் ஒரேயடியாகப் போய்விடுவதில்லை. ஜெயித்தால் செலவுத்தொகையில் சேர்த்து எதிராளியிடம் வாங்கலாம். சமரசமானால் திரும்பக் கிடைக்கும். நீதிமன்றத்துக்கு வெளியே தாங்களாகப் பேசி முடித்துக்கொண்டாலும் அப்படித்தான் என்று 2021-ல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது.

ஆக, வக்கீலிடம் போகும்போது "எவ்வளவு ஆகும்?" என்பதை இரண்டாவதாகக் கேளுங்கள். "இன்னைக்கு இடம் யார் கையில இருக்கு, அதுக்கு நாம என்ன கேக்கணும்?" என்பதுதான் முதல் கேள்வி. அதற்குச் சரியான பதில் கிடைத்துவிட்டால், கட்டணம் வெறும் கூட்டல் கணக்கு.