மாத்திரையும் தீர்த்தமும்

எங்கள் வீட்டுச் சாமி மாடத்தில் ஒரு எவர்சில்வர் டப்பா இருக்கிறது. குங்குமம் என்று நினைத்துத் திறக்கிறவர்கள் சட்டென்று மூடிவிடுவார்கள். உள்ளே இருப்பவை அண்ணனின் மாத்திரைகள். அவை அந்த மாடத்துக்கு வந்து சேர நான்கு வருடம் ஆயிற்று.

1997 ஐப்பசி. அண்ணனுக்கு 24 வயது. துவாக்குடியில் ஒரு பட்டறையில் லேத் ஓட்டிக்கொண்டிருந்தான். ஒருநாள், பக்கத்து வீட்டுக்காரர்கள் ஃபேனுக்குள்ளிருந்து தன்னை ஏசுகிறார்கள் என்றான். ஃபேனை நிறுத்தினோம். குழாய்க்குள்ளிருந்து ஏசினார்கள். அம்மா போட்ட சோற்றில் ஒரு கவளத்தைத் தெருநாய்க்கு வைத்து, அது உயிரோடு இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் தட்டில் கை வைப்பான்.

மனச்சிதைவு என்ற சொல் எங்கள் தெருவில் யாருக்கும் தெரியாது. காத்து கருப்பு, செய்வினை, பயந்த கோளாறு, இவைதான் தெரியும். இதை மூடநம்பிக்கை என்று ஒரே வார்த்தையில் தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. செய்வினை என்றால் எவனோ செய்தது, எடுத்துவிட்டால் போய்விடும். பைத்தியம் என்றால் அது குடும்பத்தோடு ஒட்டிக்கொள்ளும். அப்புறம் எனக்கு மாப்பிள்ளை வர மாட்டான். அம்மா எதை நம்ப விரும்பியிருப்பாள் என்று சொல்லவா வேண்டும்?

முதலில் கோடாங்கியிடம் போனோம். எலுமிச்சம்பழம், கருங்கோழி, கடைசியில் வேப்பங்குழையால் அடி. "அடி இவனுக்கில்லம்மா, உள்ள இருக்கறதுக்கு" என்றார் அவர். வீட்டுக்கு வந்து முதுகில் தேங்காயெண்ணெய் தடவும்போது அண்ணன் சொன்னான்: "வலிக்கிறது எனக்குத்தான் பாப்பா."

இத்தனைக்கும் சாமி வருவது எங்களுக்குப் புதிதல்ல. சித்திரைத் திருவிழாவில் எங்கள் அத்தைக்கு வருடா வருடம் சாமி வரும். உடுக்கை ஏறும்போது வரும், திருநீறு போட்டதும் மலையேறும். மறுநாள் விடியற்காலையில் அத்தை எப்போதும்போல் சாணி தெளித்துக் கோலம் போடுவாள். அதற்கென்று ஒரு நாள் உண்டு, இடம் உண்டு, சுற்றி நின்று கைகூப்ப ஊர் உண்டு. அண்ணனுக்கு வந்ததற்கு நாளும் இல்லை, மலையேற்றமும் இல்லை. வேலை போனது, தூக்கம் போனது. மனநல மருத்துவர்கள் பார்ப்பதும் ஏறக்குறைய இதே வித்தியாசத்தைத்தான் என்று பின்னால் தெரிந்துகொண்டேன். ஒரு சமூகம் ஏற்றுக்கொண்ட சடங்கின் பகுதியாக வரும் அருள்நிலையை நோயாக எண்ணக் கூடாது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாட்டிலேயே இருக்கிறது. அந்த மனிதரைத் துன்பப்படுத்தி, அன்றாட வாழ்க்கையைக் குலைத்தால்தான் அது நோய்.

பிறகு டவுனில் ஒரு டாக்டரிடம் போனோம். மூன்று நிமிடம்கூடப் பார்க்கவில்லை. அவர் கொடுத்த மாத்திரையில் அண்ணன் அடங்கினான். ஆனால் கை நடுங்கியது, வாயில் எச்சில் வழிந்தது, மரப்பாச்சிபோல நடந்தான். பக்கவிளைவு வரலாம், வந்தால் மாத்திரையை மாற்றிக் கொடுப்போம் என்று ஒருவரும் சொல்லவில்லை. "பேசிக்கிட்டாவது இருந்தான் என் புள்ள" என்று அம்மா அத்தனையையும் கொல்லையில் கொட்டினாள்.

அதற்குப் பிறகுதான் குணசீலம்.

திருச்சியிலிருந்து முசிறி போகும் வழியில், காவிரியின் வடகரையில் இருக்கிறது பிரசன்ன வெங்கடாசலபதி கோயில். மனம் கலங்கியவர்களை அங்கே கொண்டுவந்து ஒரு மண்டலம், 48 நாள், தங்கவைப்பது வழிவழியாக வரும் வழக்கம். அம்மாவும் அண்ணனோடு தங்கினாள். உச்சிக்கால பூஜை முடிந்ததும் வந்தவர்களின் முகத்தில் பட்டர் பளீரென்று தீர்த்தம் அடிப்பார். இரவு அர்த்தஜாமத்திலும் அப்படியே. முதல் நாள் அண்ணன் அலறினான். பத்தாம் நாள் நான் போனபோது, கண்ணை மூடிக்கொண்டு தண்ணீருக்காகக் காத்திருந்தான்.

விடிந்தால் குளியல், வேளைக்குச் சாப்பாடு, இரண்டு வேளை தீர்த்தம், இரவானால் படுக்கை. அவனுடைய நாளுக்கு ஒரு வரிசை வந்தது. அதைவிட அம்மாவுக்கு வந்த மாற்றம்தான் எனக்குப் பெரிதாகத் தெரிந்தது. சுற்றி உட்கார்ந்திருந்த எல்லா அம்மாக்களின் மடியிலும் அதே பாரம். "உம் மவனுக்கு எத்தன வருசமா?" என்று ஒருத்தி கேட்டபோது, வீட்டில் ஜன்னலைச் சாத்திவைத்து மறைத்ததையெல்லாம் அம்மா வாய்விட்டுச் சொன்னாள். எங்கள் தெருவில் அந்தக் கேள்வியை அப்படிக் கேட்க ஒருவரும் இருக்கவில்லை.

அண்ணனுக்கு வந்த மாற்றமும் எங்கள் வீட்டில் மட்டும் நடந்த அற்புதமல்ல. பெங்களூரு நிம்ஹான்ஸ் மருத்துவர் ரகுராமும் அவருடன் பணியாற்றியவர்களும் தமிழ்நாட்டுக் கிராமம் ஒன்றிலுள்ள முத்துசாமி கோயிலில் 2000-இல் தங்கியிருந்த 31 பேரை, வந்தபோதும் திரும்பும்போதும் சோதித்துப் பார்த்தார்கள். பெரும்பாலோருக்கு மனச்சிதைவு. அங்கே மருந்து கிடையாது, கட்டணம் கிடையாது; காலையில் வழிபாடு, பிறகு கோயிலைப் பெருக்குவது, செடிக்குத் தண்ணீர் ஊற்றுவது போன்ற சில்லறை வேலைகள். சராசரியாக ஐந்தாறு வாரத் தங்கலில் நோய்க்குறிகளின் அளவு ஏறக்குறைய 20 சதவீதம் குறைந்திருந்தது. 2002-இல் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னல் அதை வெளியிட்டது. 31 பேர் என்பது சின்ன எண்ணிக்கை. ஒப்பிட்டுப் பார்க்க வேறொரு குழுவும் இல்லை. வீடு திரும்பிய பிறகு என்ன ஆகும் என்பது அந்த எண்ணில் அடங்காது.

எங்கள் வீட்டில் என்ன ஆயிற்று என்றால், அண்ணன் நான்கு மாதம் நன்றாக இருந்தான். ஐந்தாம் மாதம் ஃபேன் மறுபடி பேசியது. ஒருநாள் காணாமல் போய், இரண்டு நாள் கழித்து நாமக்கல் பஸ் ஸ்டாண்டில் கிடைத்தான். அம்மா அண்ணன்மேல் கோபப்படவில்லை, பெருமாள்மேலும் கோபப்படவில்லை. "வேண்டுதல்ல நான்தான் ஏதோ குறை வச்சுட்டேன்" என்று செவ்வாய், வெள்ளி, சனி என்று பட்டினி கிடந்தாள். நம்பிக்கை ஆறுதலைத் தருகிறபோது கை நீட்டி வாங்கிக்கொண்டோம். நோய் திரும்பியபோது பழியையும் அதே கையில் வாங்கிக்கொண்டாள்.

சொந்தக்காரர்கள் ஏர்வாடிக்குக் கூட்டிப் போகச் சொன்னார்கள். இராமநாதபுரம் மாவட்டத்தில் இருக்கும் அந்தத் தர்காவுக்கு எல்லா மதத்தாரும் போவார்கள். கனவில் உத்தரவு வரும்வரை மாதக்கணக்கில் தங்குவார்கள். எங்களுக்கும் பையில் துணி எடுத்துவைக்கிற வரைக்கும் வந்துவிட்டது. 2001 ஆகஸ்ட் 6 விடியற்காலையில், அங்கே ஒரு தனியார் காப்பகத்தின் ஓலைக் கொட்டகை தீப்பற்றியது. சங்கிலியில் கட்டிப்போட்டிருந்தவர்களால் ஓட முடியவில்லை. 28 பேர் இறந்தார்கள். பேப்பரைப் படித்துக் காட்டச் சொன்ன அம்மா, பாதியில் நிறுத்தச் சொல்லிவிட்டாள். பையிலிருந்த துணியை அன்று சாயந்தரம் எடுத்து மடித்து வைத்தாள்.

அடுத்த வாரம் வேறொரு மருத்துவரிடம் போனோம். வயதானவர். அம்மாவை முக்கால் மணி நேரம் பேசவிட்டார். குணசீலம் என்றதும் திட்டப் போகிறார் என்று நான் பயந்தேன். "நல்லதும்மா, அங்க போயிட்டே இருங்க. தீர்த்தம் குடுக்கிற நேரத்துலயே இதையும் குடுங்க. நிறுத்தறதா இருந்தா மட்டும் எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டுட்டு நிறுத்துங்க" என்றார். கை நடுங்கினால் என்ன செய்வது என்பதை அவரே முதலில் சொல்லிவிட்டார். வீட்டுக்கு வந்த அம்மா எவர்சில்வர் டப்பாவைக் கழுவித் துடைத்தாள். அன்றிலிருந்து துளசித் தண்ணீரோடு மாத்திரை.

அந்த மருத்துவர் எங்களுக்குச் சொன்ன வழியைப் பின்னால் அரசும் பிடித்துக்கொண்டது. ஏர்வாடியில் துவாவோடு தவாவும், அதாவது பிரார்த்தனையோடு மருந்தும், கிடைக்கும்படி மனநலச் சிகிச்சை தர்காவின் பக்கத்துக்கே வந்திருக்கிறது. குணசீலத்தில் கோயிலை ஒட்டி உரிமம் பெற்ற மறுவாழ்வு மையம் இருக்கிறது. மனநோயாளியை எந்த விதத்திலும் சங்கிலியால் கட்டக் கூடாது என்று 2017-ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டம் தடுக்கிறது. யாரிடம் போவதென்று தெரியாமல் வீட்டு ஜன்னலைச் சாத்திவைத்திருப்பவர்களுக்கு 14416 என்ற டெலி மானஸ் எண் இருக்கிறது. காசில்லை, தமிழிலேயே பேசலாம்.

கோயிலுக்குப் போகலாமா என்று இப்போது என்னைக் கேட்கிறவர்களிடம் நான் பதிலுக்கு இரண்டு கேள்வி கேட்கிறேன். அங்கே மாத்திரையை நிறுத்தச் சொல்கிறார்களா? கட்டுகிறார்களா, அடிக்கிறார்களா? இரண்டுக்கும் இல்லை என்றால், தாராளமாகப் போங்கள். கூடவே நீங்களும் தங்குங்கள்.

அம்மா போய் ஆறு வருடமாகிறது. அண்ணன் இப்போது சைக்கிள் கடை வைத்திருக்கிறான். குரல்கள் முழுக்கப் போகவில்லை. தூரத்து ரேடியோ மாதிரி கேட்கும், பொருட்படுத்துவதில்லை என்கிறான். போன தீபாவளிக்கு வெள்ளையடித்தபோது டப்பாவை எடுத்து பீரோவில் வைத்தேன். சாயந்தரம் பார்த்தால் மறுபடி மாடத்தில் இருந்தது.

"அங்கயே இருக்கட்டும் பாப்பா. விளக்கேத்தும்போதுதான் எனக்கு ஞாபகம் வருது" என்றான்.